அறுபடாத காட்சியும் அறமும்
ஓர்சன் வெல்ஸின் ‘டச் ஒவ் ஈவில்’ குறித்து ஒரு நோக்கு

பழந்தமிழ் நூல்களைப் பயில்வோர்க்குப் பாடபேதம், இடைச்செருகல் என்னுஞ் சொற்கள் புதியன அல்ல. ஏடு பெயர்த்தெழுதியோரின் கைப்பிழையாலும், நூலைத் ‘திருத்த’ முற்பட்டோரின் துணிவாலும் ஒரு நூல் அதன் ஆசிரியன் அமைத்த வடிவினின்றும் வேறுபட்டு நம்மிடம் வந்து சேர்தல் உண்டு. அத்தகைய நூலை ஆராய்பவன் இரண்டு வினாக்களை எழுப்புகின்றான். ஆசிரியன் கருதிய வடிவம் யாது என்பது ஒன்று. பிறர் கை பட்ட பின்னரும் அழியாது எஞ்சி நிற்கும் சிறப்பு யாது, அஃது எதனால் அழியாது நின்றது என்பது மற்றொன்று. இவ்விரண்டு வினாக்களும் இருபதாம் நூற்றாண்டின் கலையாகிய திரைப்படத்துக்கும் பொருந்துவனவே. ஏட்டுச் சுவடிக்குப் பல நூற்றாண்டுகளில் நேர்ந்தது திரைப்படத்துக்குச் சில மாதங்களில் நேர்ந்துவிடுதலும் உண்டு.

அதற்குத் தக்கதோர் எடுத்துக்காட்டு, ஓர்சன் வெல்ஸ் எழுதி நெறிப்படுத்தி, முதன்மைப் பாத்திரமொன்றையும் தாமே ஏற்று நடித்து, 1958ஆம் ஆண்டில் வெளிவந்த ‘டச் ஒவ் ஈவில்’ என்னும் அமெரிக்கப் படமாகும். தீமையின் தீண்டல் என இப்பெயரைத் தமிழிற் கூறலாம். இப்படம் அதனை ஆக்கியவரின் கையினின்றும் பறிக்கப்பட்டு, வெட்டப்பட்டு, பிறர் எடுத்த காட்சிகள் இடையிடையே செருகப்பட்டு வெளியிடப்பட்டது. ஆயினும் அது வாழ்கின்றது. அவ்வாழ்வுக்குரிய காரணத்தை அப்படத்தின் அமைப்பிலேயே தேடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

இரண்டாம் உலகப்போர்க் காலத்தும் அதனையடுத்தும் அமெரிக்காவில் ஒருவகைக் குற்றக்கதைப் படங்கள் பெருகின. இரவு, மழையில் நனைந்த தெரு, பாதி ஒளியும் பாதி இருளும் படிந்த முகங்கள், நம்பத்தகாத நண்பர், தன் குற்றத்தாலேயே வீழும் மனிதன் ஆகியவை இவற்றின் பொதுவியல்புகள். 1946இல் பிரெஞ்சுத் திறனாய்வாளரான நீனோ பிராங்க் இவற்றைக் ‘கறுப்புப் படம்’ எனப் பொருள்படும் ‘பிலிம் நுவார்’ என்னும் பெயராற் சுட்டினார். 1941இல் வந்த ‘மோல்ற்றீஸ் பால்க்கன்’, 1944இல் வந்த ‘டபிள் இன்டெம்னிற்றி’ ஆகியன இவ்வகையின் தொடக்கத்தில் நிற்பன. இவ்வகைப் படங்களின் பொற்காலம் ‘டச் ஒவ் ஈவி’லுடன் நிறைவெய்திற்று என்பது பலர் கருத்து. போல் ஷ்றேடர் 1972இல் இவ்வகைப் படங்களைப் பற்றி எழுதிய கட்டுரையில், இப்படத்தை அம்மரபின் கல்லறை வாசகமாகவே கருதினார்.

படம் உருவான வரலாறு விந்தையானது. 1956இல் விற் மாஸ்ரர்சன் என்னும் புனைபெயரில் இருவர் சேர்ந்தெழுதிய ‘பாட்ஜ் ஒவ் ஈவில்’ என்னும் குற்றக்கதை நாவலின் உரிமையை யூனிவேர்சல் நிறுவனம் வாங்கியது. அல்பேட் சுக்ஸ்மித் தயாரிப்பாளராக அமைந்தார். போல் மொனாஷ் ஒரு திரைக்கதையை எழுதியிருந்தார். சார்ள்ற்றன் ஹெஸ்ரன் கதாநாயகனாக நடிக்க அழைக்கப்பட்டார். வெல்ஸ் நடிகராகவே கருதப்பட்டிருந்தார். வெல்ஸ் இருக்கின்றாராயின் அவரே படத்தை நெறிப்படுத்தலாமே என்று ஹெஸ்ரன் கூறியதன் பயனாகவே அப்பொறுப்பு அவரிடம் வந்தது. நடிப்புக்குரிய ஊதியத்தை மாத்திரம் பெற்றுக்கொண்டு, திரைக்கதையைப் புதிதாக எழுதவும் நெறிப்படுத்தவும் அவர் இசைந்தார்.

இருபத்தைந்து வயதில் ‘சிற்றிசன் கேன்’ என்னும் படத்தை ஆக்கி 1941இல் உலகின் கவனத்தைக் கவர்ந்தவர் வெல்ஸ். ஆனால் அடுத்த ஆண்டிலேயே அவருடைய ‘மக்னிபிசென்ற் அம்பர்சன்ஸ்’ என்னும் படத்திலிருந்து நாற்பது நிமிடத்துக்கு மேற்பட்ட பகுதியை அதனை வெளியிட்ட நிறுவனம் வெட்டி எறிந்தது. வெட்டிய பகுதி அழிக்கவும் பட்டது. எனவே, ஹொலிவூட்டிற்கு மீண்டு வந்த வெல்ஸ், ஒரு நிறுவனத்தின் கத்தரிக்கோல் எத்தகையது என்பதை அறியாதவர் அல்லர்.

நாவலில் கதாநாயகன் அமெரிக்கன். அவன் மனைவி மெக்சிக்கோ நாட்டவள். வெல்ஸ் இதனைத் தலைகீழாக மாற்றினார். படத்தில் கதாநாயகனாகிய வார்காஸ் மெக்சிக்கோ நாட்டு அதிகாரி. அவன் புதுமணப்பெண் சூசன் அமெரிக்கப் பெண். கதை நிகழிடத்தையும் இரு நாடுகளின் எல்லையிலுள்ள ஒரு சிற்றூராக்கினார். இம்மாற்றத்தால், ஒரு துப்பறியுங் கதை எல்லைகளைப் பற்றிய கதையாயிற்று. நாட்டுக்கும் நாட்டுக்கும் இடையேயுள்ள எல்லை, சட்டத்துக்கும் குற்றத்துக்கும் இடையேயுள்ள எல்லை, ஒருவன் செய்யலாகும் என்பதற்கும் செய்யலாகாது என்பதற்கும் இடையேயுள்ள எல்லை ஆகிய மூன்றும் இங்கே ஒன்றன்மேல் ஒன்றாகப் படிகின்றன.

1957 பெப்ரவரியில் படப்பிடிப்பு தொடங்கி ஏப்ரல் தொடக்கத்தில் முடிவுற்றது. கலிபோர்னியாவின் வெனிஸ் நகரே எல்லையூராகக் காட்டப்பட்டது. அதன் சிதைந்த வளைவு மண்டபங்களும், கழிவு மிதக்கும் கால்வாய்களும், எண்ணெய்க் கிணற்றுச் சட்டங்களும் படத்தின் பாத்திரங்களாகவே ஆயின. பெரும்பகுதியும் இரவிலே படமாக்கப்பட்டது. ஒளிப்பதிவாளர் றசல் மெற்றி. இசையமைப்பாளர் ஹென்றி மன்சினி. சூசனாக நடித்த ஜனெற் லீ முறிந்த கையோடு நடித்தார்; அம்முறிவு பார்ப்போர்க்குத் தெரியாதவாறு காட்சிகள் அமைக்கப்பட்டன. இத்துணை இடர்களுக்கிடையிலும் படப்பிடிப்புக் குறித்த காலத்தை ஒட்டியே முடிந்தது.

இன்னல் அதன் பின்னரே தொடங்கிற்று. படத்தொகுப்பு நடைபெறுங் காலத்தில் வெல்ஸ் பிற அலுவல்களின் பொருட்டு வெளியே சென்றார். மெக்சிக்கோவில் தமது ‘டொன் கிகோட்டே’ படப்பிடிப்பிலும் ஈடுபட்டார். அவர் தொகுத்த வடிவம் குழப்பந் தருவதாகக் கருதிய நிறுவனம், படத்தை வேறு கைகளில் ஒப்படைத்து மாற்றித் தொகுப்பித்தது. கதையை ‘விளக்க’ வேண்டுமென்று கருதி, 1957 நவம்பரில் ஹரி கெல்லர் என்னும் வேறொரு நெறியாளரைக் கொண்டு சில புதிய காட்சிகளையும் எடுப்பித்தது. இவை நம் உரைமரபு கூறும் இடைச்செருகலுக்கு நேரானவை.

மாற்றப்பட்ட வடிவத்தை வெல்ஸ் ஒருமுறையே பார்க்க வாய்ப்புப் பெற்றார். பார்த்தபின், 1957 டிசம்பர் 5ஆந் திகதியிட்டு, நிறுவனத்தின் தலைவரான எட்வேட் மூலுக்கு 58 பக்கங்கொண்ட கடிதக்குறிப்பு ஒன்றை அனுப்பினார். திரைப்பட வரலாற்றில் இக்குறிப்புக்கு நிகரான ஆவணம் அரிது. அதில் வசைமொழி இல்லை, தன்னிரக்கமும் இல்லை. இந்த இடத்தில் இவ்வொலி வேண்டும், அந்த இடத்தில் அக்காட்சியை இரண்டாகப் பிரித்து இடையே மற்றதை வைக்க வேண்டும், இன்ன அண்மைக்காட்சி நீங்க வேண்டும் எனத் தொழிலறிந்த ஒருவர் மற்றொரு தொழிலாளிக்கு எழுதுவது போன்று அது அமைந்துள்ளது. கெல்லர் எடுத்த காட்சிகளிற் சிலவற்றை அவர் ஏற்றுக்கொண்டே எழுதுகின்றார். எல்லாம் இழந்த நிலையிலும் எதனைக் காப்பாற்றலாம் என்று எண்ணுபவரின் நிதானம் அக்குறிப்பில் உண்டு. ஆயினும், அவர் வேண்டியவற்றுட் சிலவே நிறைவேற்றப்பட்டன.

1958இல் ஏறத்தாழ 95 நிமிட நீளமுடைய வடிவம் வெளிவந்தது. இரட்டைப் படக் காட்சியில் இரண்டாம் படமாகவே அது பல இடங்களிற் காட்டப்பட்டது. அதனோடு முதற்படமாக ஓடியது ஹரி கெல்லர் நெறிப்படுத்திய ‘த பீமேல் அனிமல்’ என்னும் படம். இடைச்செருகல் செய்தவரின் படம் முன்னும், மூல ஆசிரியரின் படம் பின்னுமாக வந்தமை காலத்தின் கேலி எனலாம். ஆனால் அதே ஆண்டில் பிரசெல்ஸ் உலகப் பொருட்காட்சியை ஒட்டி நடந்த விழாவில் அப்படம் பரிசு பெற்றது. பிரான்சின் இளந் திறனாய்வாளர்கள் அதனைப் போற்றினர். சொந்த நாட்டிற் புறக்கணிக்கப்பட்டது அயல்நாட்டில் ஆசனம் பெற்றது. எனினும், அதன்பின் ஹொலிவூட் நிறுவனம் எதுவும் வெல்ஸிடம் ஒரு படத்தை நெறிப்படுத்தும் பொறுப்பை ஒப்படைக்கவில்லை. அவர் 1985இற் காலமானார்.

வரலாறு இது. இனி, வெட்டியும் ஒட்டியும் குலைக்கப்பட்ட இப்படம் எதனால் நிலைத்தது என்பதை நோக்குவோம்.

திரைப்படத்தின் பொருளை இரண்டு இடங்களில் அமைக்கலாம். ஒரு காட்சித்துண்டுக்கும் அடுத்த துண்டுக்கும் இடையேயுள்ள இணைப்பில் அமைப்பது ஒன்று. ஒரு துண்டின் உள்ளேயே, கமரா ஓடுங் காலம் முழுவதும் அறுபடாது நிகழும் நிகழ்ச்சியில் அமைப்பது மற்றொன்று. முன்னையது தொகுப்பவரின் கையில் உள்ளது. பின்னையதோ படம் பிடிக்கும்போதே முடிந்துவிடுகின்றது. அதனை முற்றாக எறியலாம்; எறியாது வைத்துக்கொண்டு உட்புகுந்து மாற்றுதல் அரிது. வெல்ஸ் இப்படத்தின் உயிர்நிலைகள் பலவற்றை இரண்டாம் முறையிலேயே அமைத்தார். நிறுவனத்தாரால் மூட்டுகளைத் திருக முடிந்தது. உறுப்புகளைத் தொட முடியவில்லை.

தொடக்கக் காட்சியை எடுத்துக்கொள்வோம். ஒரு கை வெடிகுண்டொன்றின் நேரக்கருவியைத் திருப்புகின்றது. அக்குண்டு ஒரு மோட்டார் வண்டியின் பின்பெட்டியில் வைக்கப்படுகின்றது. செல்வந்தன் ஒருவனும் ஒரு பெண்ணும் வந்து வண்டியில் ஏறிச் செல்கின்றனர். பாரந்தூக்கியின் நுனியில் அமர்ந்த கமரா கட்டடங்களுக்கு மேலெழுந்து, தெருவிலே இறங்கி, வண்டியோடு பின்னோக்கி நகர்கின்றது. நடந்து செல்லும் வார்காஸும் சூசனும் அதே காட்சியுள் நுழைகின்றனர். வண்டியும் தம்பதியரும் முந்தியும் பிந்தியும் எல்லைக் காவலரண்வரை செல்கின்றனர். இவை யாவும் மூன்று நிமிடத்துக்குச் சற்று மேற்பட்ட நேரம் ஒரே காட்சியாக, இடையில் ஒரு வெட்டுமின்றி நிகழ்கின்றன. குண்டின் நேரம் ஓடுகின்றது என்பதை நாம் அறிவோம். வண்டியில் இருப்போர் அறியார். காலம் அறுபடாது ஓடுவதனாலேயே அச்சம் பெருகுகின்றது. தம்பதியர் முத்தமிடுங் கணத்தில் வெடியோசை கேட்கின்றது. அப்போதே முதல் வெட்டு விழுகின்றது. இக்காட்சியைப் பிடிக்க ஓர் இரவு முழுவதும் சென்றது. சுங்க அதிகாரியாக நடித்தவர் தம் வசனத்தை மீண்டும் மீண்டும் மறந்தமையால், விடியும் வேளையிலேயே அது நிறைவேறிற்று.

நிறுவனத்தார் இக்காட்சியின் மேல் நடிகர் பெயர்களைப் பொறித்தனர். மன்சினியின் இசையை அதன்மேற் பரப்பினர். வெல்ஸோ பெயர்கள் வேண்டாமென்றும், தெருவிலுள்ள கடைகளிலும் களியாட்டுமனைகளிலும் இருந்து வரும் பலவகைப் பாட்டொலிகள் வண்டி நகர நகர மாறி மாறிக் கேட்க வேண்டுமென்றும் தம் குறிப்பில் வேண்டினார். அது மறுக்கப்பட்டது. ஆயினும் எழுத்துக்களுக்குப் பின்னாற் காட்சி அறுபடாமலே ஓடிற்று. ஓவியத்தின் மேற் சுவரொட்டி ஒட்டலாம். ஓவியம் உள்ளே இருந்துகொண்டே இருக்கும்.

தொடக்கக் காட்சியின் புகழ் பெரிது. எனினும், இப்படத்தின் கருத்தைத் தாங்கி நிற்பது அதுவன்று. சந்தேகத்துக்குள்ளான சாஞ்செஸ் என்னும் இளைஞனின் வீட்டில் நிகழும் விசாரணைக் காட்சியே என்பது என் துணிபு. பொலிஸ் தலைவனாகிய ஹாங்க் குவின்லனும் அவன் துணைவன் மென்சீஸும் பிறரும் சிறிய வீடொன்றில் நெருக்கமாக நிற்கின்றனர். கழற்றத்தக்க சுவர்களுடன் அமைக்கப்பட்ட அவ்வீட்டினுள்ளே கமரா அறைக்கு அறை செல்கின்றது. ஐந்து நிமிடத்துக்கு மேலாக வெட்டு இல்லை. அவ்வேளையில் வார்காஸ் கை கழுவக் குளியலறைக்குச் செல்கின்றான். அங்கே ஒரு சப்பாத்துப் பெட்டியைத் தவறுதலாகத் தட்டி விழுத்துகின்றான். பெட்டி வெறுமையாக உள்ளது. அதனை அவனும் காண்கின்றான், நாமும் காண்கின்றோம். பின்னர், மனைவியுடன் தொலைபேசியிற் பேச வார்காஸ் வீட்டை விட்டு வெளியேறுகின்றான். அவனோடு நாமும் தெருவைக் கடந்து, கண்பார்வையற்ற பெண்ணொருத்தியின் கடைக்குச் செல்கின்றோம். திரும்பி வரும்போது அதே பெட்டியிலிருந்து இரண்டு டைனமைற் குச்சிகளை மென்சீஸ் ‘கண்டெடுக்கின்றான்’.

இந்த அமைப்பின் நுட்பத்தைக் கருத வேண்டும். குளியலறைக் காட்சி துண்டு துண்டாகத் தொகுக்கப்பட்டிருந்தால், பெட்டி வெறுமையாயிருந்தது என்பதை நாம் நெறியாளரின் சொல்லை நம்பியே ஏற்க வேண்டியிருக்கும். அறுபடாத காட்சியாக அமைந்ததனால் நாம் கண்கண்ட சாட்சிகளாகின்றோம். பொய்ச்சான்று வைக்கப்பட்டதோ நாம் அங்கில்லாத இடைவெளியில். அந்த இடைவெளியிற் பார்வையற்ற பெண்ணின் கடையில் நாம் நிற்பது தற்செயலன்று. வெட்டு விழும் இடத்திலேயே பொய் நுழைகின்றது என்பதே இக்காட்சி நமக்குச் சொல்லாமற் சொல்லும் செய்தி. வெல்ஸின் வடிவநுட்பமும் அவர் கூறவந்த அறமும் இவ்விடத்தில் ஒன்றாகின்றன.

இதற்கு மறுதலையான காட்சியும் உண்டு. ஊரின் கள்ளக்கூட்டத் தலைவனாகிய கிராண்டியைக் குவின்லன் ஒரு விடுதி அறையில் வைத்துக் கழுத்தை நெரித்துக் கொல்லும் காட்சி நீண்ட ஒரே காட்சியாக அமையவில்லை. வெளியே விளம்பர விளக்கு அணைந்து அணைந்து எரிய, குறுந்துண்டுகள் ஒன்றன்மேலொன்று மோதுகின்றன. முகம், கை, சுவர், இருள் என அறை சிதறுகின்றது. சட்டத்தின் கண் திறந்திருக்க வேண்டிய இடத்திற் காட்சி அறுபடாது ஓடிற்று. அதிகாரி கொலைஞனாகும் இடத்தில் அது நொறுங்கிற்று. அவ்வறையிலேயே குவின்லன் தன் கைத்தடியை மறந்து விட்டுச் செல்கின்றான். பிறர்க்கெதிராகச் சான்றுகளைத் தானே படைத்து வந்தவன், தனக்கெதிரான மெய்ச்சான்றைத் தன் கையாலேயே வைத்துவிட்டுப் போகின்றான்.

இறுதிப் பகுதியில் வேறொரு மாற்றம் நிகழ்கின்றது. தன் தலைவனின் பொய்யை அறிந்த மென்சீஸ், உடலில் ஒலிவாங்கியை மறைத்துக்கொண்டு குவின்லனுடன் எண்ணெய்க் கிணறுகளிடையே நடக்கின்றான். ஒலிப்பதிவுக் கருவியுடன் வார்காஸ் இருளில், சட்டங்களில் ஏறியும் அழுக்கு நீரில் இறங்கியும் பின்தொடர்கின்றான். இங்கே காட்சிகள் பலவாக வெட்டப்படுகின்றன; ஆனால் ஒலி மட்டும் நாடாவில் அறுபடாது பதிவாகின்றது. முன்னர்க் காட்சி ஏற்ற சாட்சித் தொழிலை இப்போது குரல் ஏற்கின்றது. பாலத்தின் கீழ் எழும் எதிரொலியே குவின்லனுக்கு உண்மையைக் காட்டிக் கொடுக்கின்றது. அவன் மென்சீஸைச் சுடுகின்றான். இறக்கும் மென்சீஸ் அவனைச் சுடுகின்றான். தூய கையனாகிய வார்காஸும் தப்பவில்லை. ஒட்டுக்கேட்டல் என்னும் இழிதொழிலை வெறுத்துக்கொண்டே அவன் செய்கின்றான். அவன் உடையிற் படிந்த சேறு வெறுஞ் சேறன்று.

இனி, குவின்லன் என்னும் பாத்திரத்தைப் பற்றிய பழைய விவாதத்துக்கு வருவோம். அவன் மனைவியைப் பல ஆண்டுகளுக்கு முன் ஒருவன் கழுத்தை நெரித்துக் கொன்றான். சான்றில்லாமையாற் கொலைஞன் தப்பினான். அதன்பின் எந்தக் கொலைஞனும் சான்றில்லாமல் தப்பலாகாது என்று குவின்லன் துணிந்தான். மென்சீஸுக்கு வந்த துப்பாக்கிக் குண்டைத் தன் காலில் ஏற்று நொண்டியானவனும் அவனே. பெரும் உடலும் பெருங் களைப்பும் பெருந் துயரும் உடைய இம்மனிதனை வெல்ஸ் நடித்துக் காட்டும்போது நம் நெஞ்சம் அவன்பாற் சாய்கின்றது. மார்லீன் டீட்றிச் ஏற்ற தானியா என்னும் பெண்ணின் இல்லத்தில் தானே இசைக்கும் பியானோவின் ஒலியைக் கேட்டு அவன் நிற்கும் இடத்தில், அவன் இழந்த இளமை முழுவதும் நம் கண்முன் வருகின்றது. இதனாலேயே பிரெஞ்சுத் திறனாய்வாளர் சிலர் அவனைச் சிறிய சட்டங்களுக்கு அப்பாற்பட்ட பெருமகனாகக் கருத முற்பட்டனர். 1958இல் அந்திரே பசானும் நண்பர்களும் வெல்ஸை நேர்கண்டபோது, அவர் இக்கருத்தை உறுதியாக மறுத்தார். குவின்லனிடம் மனிதத்தன்மை உண்டு. ஆயினும் அவன் செய்வது வெறுக்கத்தக்கது. தம் கருத்தை உரைப்பவன் வார்காஸே என்பது அவர் நிலை.

இவ்விவாதத்தைக் கடினமாக்குவது படத்தின் முடிவில் வரும் ஒரு செய்தி. சாஞ்செஸ் குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டான் என்று அரச வழக்குரைஞரின் உதவியாளன் கூறுகின்றான். அங்ஙனமாயின் குவின்லனின் உள்ளுணர்வு சரியே. அவன் பொய்ச்சான்று வைத்தது மெய்க்குற்றவாளிக்கு எதிராகவே. இதனைக் கேட்டவுடன் பார்ப்போர் பலர், ‘முடிவு சரியாயின் வழி எதுவாயினும் என்ன?’ என்று எண்ணக்கூடும். ஆனால் படம் நம்மைப் பழக்கிய முறையை இங்கே மறத்தலாகாது. வெறும் பெட்டியை நாம் கண்டோம். அது அறுபடாத காட்சி. ஒப்புதல் வாக்குமூலத்தையோ நாம் காணவில்லை. அதே பொலிஸாரின் கையில் அகப்பட்ட ஒருவன், மூடிய அறையில், எந்நிலையில் அதைச் சொன்னான் என்பதற்குக் காட்சியில்லை. பிறர் வாய்ச்சொல்லே உண்டு. கண்டதை நம்பவும், இடைவெளியில் நிகழ்ந்ததை ஐயுறவும் நமக்குக் கற்பித்த படம், இறுதியில் ஓர் இடைவெளியை நம்முன் வைத்து நம்மைச் சோதிக்கின்றது. அவ்வொப்புதல் மெய்யேயாயினும் குவின்லனின் குற்றம் குறையாது. பொய்யாயின் அது இருமடங்காகும். எவ்வாறாயினும் அவன் வழியை நியாயப்படுத்த அது போதாது.

செயலின் பயனைக் கொண்டு செயலின் தூய்மையை அளத்தலாகாது என்பது நமக்குப் புதிய கொள்கையன்று. வள்ளுவர் ‘வினைத்திட்பம்’ என்னும் அதிகாரத்துக்கு முன்னர் ‘வினைத்தூய்மை’யை வைத்தார். துணிந்து முடிக்கும் ஆற்றல் தூய்மைக்குப் பின்னரே வரவேண்டும் என்பதை அவ்வரிசைமுறையே புலப்படுத்தும். குவின்லனிடம் திட்பம் மிகுதி, தூய்மை இல்லை. அவனுடைய வீழ்ச்சி அதுவே.

இப்படத்திற் குறைகள் இல்லாமலில்லை. மெக்சிக்கோ நாட்டவனாகிய வார்காஸின் வேடத்தை மைபூசிய முகத்துடன் ஓர் அமெரிக்க நடிகர் ஏற்றமை இன்று பார்ப்போரை உறுத்தும். எல்லையின் இரு புறத்தாரையும் சமமாக நோக்க விரும்பிய படத்துக்கு அது பொருந்தவில்லை. தனியிடத்து விடுதியிலே சூசன் அச்சுறுத்தப்படும் பகுதி அளவுக்கு மிஞ்சி நீள்கின்றது; அங்குள்ள இரவுக் காவலனின் கோமாளித்தனம் அச்சத்தையும் கெடுக்கின்றது. இவை நிறுவனத்தின் மேற் போடத்தக்க பழிகள் அல்ல. வெல்ஸின் கணக்கிலேயே சேர்க்கப்பட வேண்டியவை. பெரும் படைப்பைப் போற்றுவோர் அதன் குறையை மறைத்தால், அதுவும் ஒருவகைப் பொய்ச்சான்றே.

படத்தின் பிற்கால வரலாறு பாட ஆராய்ச்சியாளர்க்குச் சுவையானது. 1970களின் நடுப்பகுதியில் ஏறத்தாழ 108 நிமிட நீளமுள்ள முன்னோட்ட வடிவமொன்று யூனிவேர்சல் நிறுவனத்திலிருந்து வெளிப்பட்டது. அதில் வெல்ஸின் காட்சிகள் கூடுதலாக இருந்தன. கெல்லரின் காட்சிகளும் கூடுதலாக இருந்தன. 1992இல் வெல்ஸின் குறிப்பிலிருந்து சில பகுதிகளை ஜொனதன் றோசன்போம் வெளியிட்டார். 1998இல் றிக் ஷ்மிட்லின் முயற்சியால், புகழ்பெற்ற படத்தொகுப்பாளரான வோல்ற்றர் மேர்ச் அக்குறிப்பை வழிகாட்டியாகக் கொண்டு ஏறத்தாழ 111 நிமிட வடிவமொன்றைத் தொகுத்தார். தொடக்கக் காட்சியின் மேலிருந்த பெயர்கள் நீங்கின. தெருவின் ஒலிகள் திரும்பின. வெடிப்பின் பின் வார்காஸின் கதையும் சூசனின் கதையும் வெல்ஸ் விரும்பியவாறு மாறி மாறிப் பின்னப்பட்டன.

மேர்ச் செய்த மாற்றங்களுள் மிகச் சிறியது ஒன்று மிகப் பெரியதாகும். குவின்லனின் பொய்ச்சான்றுகளை ஆவண அறையில் வார்காஸ் எடுத்துக்காட்டும்போது மென்சீஸ் மனமுடைந்து நிற்கும் அண்மைக்காட்சி ஒன்று இருந்தது. அதனை நீக்கும்படி வெல்ஸ் தம் குறிப்பில் வேண்டியிருந்தார். நீக்கியபின் விளைந்ததை மேர்ச் வியந்து கூறியுள்ளார். அந்தக் காட்சி இருந்தபோது மென்சீஸ் அங்கேயே வெல்லப்பட்டவனாகத் தோன்றினான். பின்னர் அவன் செய்ததெல்லாம் வார்காஸின் ஏவலாற் செய்தது போலாயிற்று. அது நீங்கியபோது, அவன் தன்னுள்ளே போராடித் தானே முடிவு செய்த மனிதனாக எழுந்தான். சில கணங்களே நீடிக்கும் ஒரு துண்டு, ஒரு மனிதனின் அறத்தை அவனிடமிருந்து பறித்து வைத்திருந்தது. உறுப்புகள் அழியவில்லை என்று முன்னர்க் கூறினோம். மூட்டுகளுக்கு நேர்ந்த ஊறு சிறிதன்று என்பதையும் இதனால் அறிகின்றோம்.

ஆயினும் ஓர் எச்சரிக்கை வேண்டும். 1998ஆம் ஆண்டு வடிவத்தை ‘வெல்ஸின் மூலப்படம்’ என்று சிலர் அழைக்கின்றனர். அது சரியன்று. வெல்ஸின் குறிப்பு, நிறுவனத்தார் மாற்றிய வடிவத்தைப் பார்த்து, அதனுள்ளே எதைச் சீர்செய்யலாம் என்று எழுதப்பட்டது. தாம் முதலிற் கருதிய படத்தின் முழு வரைபடமன்று. அவர் முற்றுப்பெறச் செய்து கையெழுத்திட்ட வடிவம் ஒன்று உலகில் இல்லை. இருப்பன மூன்று பாடங்கள். ஒவ்வொன்றிலும் வேற்றுக் கை உண்டு. ஒவ்வொன்றிலும் வெல்ஸ் உண்டு. மேர்ச்சின் வடிவம் நேர்மையானது. அது தன்னை மூலம் என்று கூறிக்கொள்ளவில்லை. குறிப்பின்படி அமைத்தது என்பதைத் தொடக்கத்திலேயே அறிவிக்கின்றது. நல்ல பதிப்பாசிரியன் செய்வதும் இதுவே. கிடையாத பகுதியைக் கிடைத்ததாகக் காட்டாது, ‘இவ்விடம் சிதைந்தது’ என்று குறித்து வைப்பதே பதிப்பறம்.

தம் படத்தை விளங்கச் செய்கின்றோம் என்று நம்பியே நிறுவனத்தார் அதனைச் சிதைத்தனர். குற்றவாளியைத் தப்பவிடாது காக்கின்றோம் என்று நம்பியே குவின்லனும் பொய்ச்சான்று வைத்தான். நல்ல முடிவொன்றைக் கருதியே இரு சாராரும் இடைவெளியிற் கை நுழைத்தனர். அவ்விருவரையும் கண்டு தெளிந்த நாம், ஆராய்ச்சியின் பெயரால் மூன்றாவது கையாக அங்கே நுழையாதிருத்தல் வேண்டும். வெறும் பெட்டியை வெறும் பெட்டி என்றே கூறும் துணிவைத்தான் இப்படம் தன்னைப் பயில்வோரிடம் கேட்கின்றது.